பாஸ்போர்ட்டில் பிறந்த தேதி



முன்பெல்லாம் பள்ளியில் சேர்க்க அழைத்து வந்த பிள்ளையை, தலைக்கு மேலாகக் கையைக் கொண்டுபோய் மறுபக்கக் காதைத் தொடச் சொல்லுவார்கள். தொட்டுவிட்டால் ஐந்து வயது. பெரும்பாலும் ஜூன் மாதத்தில் ஒரு தேதியை எழுதிக்கொள்வார்கள். "ஐப்பசி அடைமழையில பொறந்தவன்" என்று தாய் சொன்னது பதிவேட்டில் ஏறாது. அந்த ஜூன் தேதியே எஸ்.எஸ்.எல்.சி. புத்தகத்துக்கும், அங்கிருந்து பாஸ்போர்ட்டுக்கும் போய்விடும். நகராட்சியின் பிறப்புப் பதிவேட்டிலோ வேறு தேதி இருக்கும். வெளிநாட்டு வேலைக்கோ விசாவுக்கோ இரண்டையும் சேர்த்துக் கேட்கும்போதுதான் குடும்பமே திகைத்துப்போகிறது.

எல்லாத் தவறுக்கும் கோர்ட் படியேற வேண்டியதில்லை. நீங்கள் கொடுத்த சான்றிதழில் தேதி சரியாக இருந்து, பாஸ்போர்ட் அச்சாகும்போது பிழை நேர்ந்திருந்தால், அதே சான்றிதழைக் காட்டி மறுவெளியீட்டுக்கு விண்ணப்பிக்கலாம். பிறப்புச் சான்றிதழிலேயே பிழை என்றால், 1969ஆம் ஆண்டின் பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டம், 15ஆம் பிரிவின்படி, அதைத் திருத்தும் அதிகாரத்தைப் பதிவாளருக்கே கொடுத்திருக்கிறது. முதலில் வேரைச் சரிசெய்யுங்கள். பாஸ்போர்ட் கடைசியில்தான்.

ஆவணங்கள் ஒன்றுக்கொன்று முரண்பட்டு, எது உண்மை என்று அதிகாரியால் முடிவுசெய்ய முடியாதபோதுதான் நீதிமன்றம். குறித்தவகைத் தீர்வழிச் சட்டம் (Specific Relief Act) 1963, 34ஆம் பிரிவின்படி, மாவட்ட முன்சீப் கோர்ட்டில் 'என் பிறந்த தேதி இதுதான்' என்று விளம்புகை கேட்டு வழக்குப் போடலாம். அரசு பிரதிவாதி என்பதால், உரிமையியல் நடைமுறைச் சட்டம் 80ஆம் பிரிவின்படி இரண்டு மாத முன்னறிவிப்புக் கொடுக்க வேண்டும். அவசரம் இருந்தால் நீதிமன்ற அனுமதியோடு அதற்கு முன்பும் வழக்கிடலாம். இத்தகைய வழக்குக்கு மூன்று ஆண்டுக் காலவரம்பு உண்டு. 'பிறகு பார்த்துக்கொள்ளலாம்' என்று தள்ளிப்போட்டால், அந்தத் தாமதமே வழக்குக்கு எதிராக நிற்கும்.

நீதிபதி எதைப் பார்ப்பார்? பிறந்த சமயத்தில் எழுதப்பட்ட பதிவை. பிறப்புப் பதிவேட்டின் நகல், மருத்துவமனைப் பதிவு, தேவாலய ஞானஸ்நானப் பதிவு, பெற்றோரின் சாட்சியம் எல்லாம் உதவும். பள்ளிப் பதிவேட்டில் எழுதியிருந்தால் மட்டும் போதாது, அந்தத் தேதியைச் சொன்னவருக்கு அது நேரடியாகத் தெரிந்திருக்க வேண்டும் என்று 1988இல் உச்ச நீதிமன்றம் பிராத் மல் சிங்வி வழக்கில் தெளிவுபடுத்தியது. பிறந்த தேதிக்கு ஆதார் அட்டை போதுமான சான்றல்ல என்று 2024 அக்டோபரில் அதே நீதிமன்றம் சொன்னது. ஜாதகத்தை மட்டும் நம்பிப் போகாதீர்கள்.

கோர்ட், வசதியான ஒரு தேதியை நமக்கு வாங்கித் தரும் இடமல்ல. வயதைக் குறைத்துப் பணியில் நீடிக்கவோ, கூட்டிக் காட்டி வேலைக்குப் போகவோ பாஸ்போர்ட்டுக்குப் பொய்ச் சான்று கொடுத்தால், பாஸ்போர்ட் சட்டம் 1967, 12ஆம் பிரிவின்படி இரண்டாண்டு வரை சிறை, 5,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டுமே. குறுக்கு வழி காட்டும் தரகரை நம்பினால், தண்டனை அவரைவிட முதலில், கையெழுத்துப் போட்ட உங்களைத்தான் தேடி வரும். உண்மையான தேதியோடு போகிறவர் அஞ்ச வேண்டியதே இல்லை. தீர்ப்பாணை கிடைத்ததும், சான்றிட்ட நகலை வாங்கி பாஸ்போர்ட் மறுவெளியீட்டுக்குக் கொடுங்கள். பான், ஆதார், வங்கிக் கணக்கு அனைத்திலும் அதே தேதியை ஏற்றுங்கள்.

2023 அக்டோபர் 1ஆம் தேதி முதல் பிறந்த பிள்ளைகளுக்கு, பாஸ்போர்ட்டில் பிறந்த தேதிக்குப் பிறப்புச் சான்றிதழ் ஒன்றே ஆதாரம். அதனால் வீட்டில் குழந்தை பிறந்தால் 21 நாளுக்குள் பதிவுசெய்துவிடுங்கள். சான்றிதழ் கைக்கு வந்த அன்றே தேதியையும் பெயரையும் எழுத்தெழுத்தாகச் சரிபாருங்கள். அன்று செலவிடும் ஐந்து நிமிடம், அந்தப் பிள்ளையைப் பின்னாளில் கோர்ட் வாசலில் நிற்கவிடாது.