கோட்டோரம் நில்லுங்கள்



நான் புதுச்சேரி நெல்லித்தோப்புக்காரன். பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்து பென்ஷன் வாங்குபவரை எங்கள் ஊரில் 'சொல்தா' என்போம். இங்கே உட்கார்ந்திருப்பவர்களில் பலர் சொல்தா வீட்டுப் பிள்ளைகள்தான். 1962 ஆகஸ்ட் 16-இல் புதுச்சேரியை இந்தியாவிடம் ஒப்படைக்கும் ஒப்பந்தம் நடப்புக்கு வந்தது. பிரெஞ்சுக் குடியுரிமையே வேண்டும் என்று ஆறு மாதத்துக்குள் உங்கள் தாத்தாமார் எழுதிக் கொடுத்த கையெழுத்துத்தான் இன்று உங்கள் பாஸ்போர்ட்.

அதற்கு ஓராண்டு முன்பு, 1961-இல், பசிபிக் கடலின் வாலிஸ், ஃபுத்துனா தீவுகள் பிரான்சின் கடல்கடந்த ஆட்சிப்பகுதி ஆயின. வாக்கெடுப்பில் அந்த மக்களே கேட்டுப் பெற்றது அது. அவர்கள் வீட்டுப் பிள்ளைகளும் கையில் பிரெஞ்சு பாஸ்போர்ட்டோடுதான் இந்தப் பிரான்சுக்கு வந்தார்கள். சிலர் பட்டாளத்துக்கு, சிலர் ரக்பிக்கு. காகிதத்தில் குடிமகன், கடைத்தெருவில் அந்நியன். இது நமக்கும் பழகிய கதைதானே!

பசிபிக்கிலிருந்து வந்து கிரெனோபிளில் ரக்பி ஆடியவர் வில்லி தாவோஃபிஃபெனுவா. அவர் மகன் ரொமேன் 1990-இல் மோன்-தெ-மார்சானில் பிறந்து பிரான்ஸ் அணிக்கே ஆடினார். ஃபுத்துனாவில் பிறந்த யோராம் மொஃபானாவைப் போர்தோக்காரர்கள் தங்கள் வீட்டுப் பிள்ளையாகக் கொண்டாடுகிறார்கள். நூமேயாவில் பிறந்த பேயாத்தோ மோவாக்காவைத் துலூஸ் கொண்டாடுகிறது.

அந்நியனை வீட்டுப் பிள்ளையாக்கும் வேலையை ரக்பி எப்படிச் சாதித்தது? பிரான்சின் தென்மேற்கில் சின்ன ஊருக்குக்கூட ஒரு கிளப் உண்டு. ஆட்டம் முடிந்ததும் முட்டி மோதிய இரண்டு அணியும் ஒரே மேசையில் சாப்பிடும். 'மூன்றாம் பாதி' என்று அதற்குப் பெயர். அந்த மேசையில் கடைக்காரரும் ஆசிரியரும் மேயரும் இருப்பார்கள். வேலை, வாடகை வீடு, நட்பு எல்லாம் அங்கே பேசிமுடியும்.

ஆனால் இதில் எனக்கு ஒரு வருத்தமும் உண்டு. பதினாறு வயதுப் பையனை உடம்பை மட்டும் பார்த்துக் கூட்டிவந்தால், முழங்கால் போன அன்று அவனுக்குக் கையில் என்ன மிஞ்சும்? விளையாட்டோடு படிப்பையும் பார்த்துக்கொள்ளும் கிளப்பே நல்ல கிளப்.

நம்மவர் கிரிக்கெட், கால்பந்துப் போட்டிகள் நடத்துகிறோம், நல்லதுதான். எல்லா அணியும் நம் அணியாகவே இருந்தால், பக்கத்து வீட்டுக்காரர் நம்மை எங்கே பார்ப்பார்? செப்டம்பரில் உங்கள் ஊர் 'மேரி', அதாவது நகராட்சி, உள்ளூர் கிளப்புகளை ஒரே இடத்தில் கூட்டிவைக்கும். போய்ப் பிள்ளைகளின் பெயரைக் கொடுங்கள். பயிற்சிக்கு இறக்கிவிட்டுக் காரில் உட்கார்ந்து போனைப் பார்க்காமல், கோட்டோரம் நின்று மற்ற பெற்றோரிடம் பேச்சுக் கொடுங்கள். பெண் பிள்ளைகளையும் சேர்த்துத்தான் சொல்கிறேன்.