காமிராவுக்கு முன் வேலை

(கச்சிராயபாளையம் கூட்டத்தில் பேசியது)

நாம் இன்று பேச எடுத்துக்கொண்ட விஷயம் சிலருக்கு அருவருப்பாயிருக்கலாம். பெண்கள் வீட்டறையில் காமிராவை எதிரே வைத்துக்கொண்டு, முகந்தெரியாத ஆண்கள் கேட்கிறபடி பேசியும் ஆடியும் உடம்பைக் காட்டியும் பணம் பெறுகிறார்களே, அதைப் பற்றித்தான் பேசுகிறோம். இதையும் தொழில் என்று சொல்லலாமா என்பீர்கள். பார்க்கிறவன் பணம் கொடுக்கிறான். கம்பெனி கமிஷன் எடுக்கிறது. அவள் இரவெல்லாம் கண் விழிக்கிறாள். கூலியும் முதலாளியும் இருக்கும்போது வேலை மாத்திரம் எப்படி இல்லாமற் போகும்?

2016இல் லண்டனில் ஆரம்பித்த ஒன்லிஃபேன்ஸ் கம்பெனி, பெண்ணுக்கு வரும் பணத்தில் நூற்றுக்கு 20 எடுத்துக்கொள்கிறது. நேரலையே நடத்தும் வேறு சில கம்பெனிகள் பாதி வரையிலும் எடுக்கின்றன. 2024ஆம் வருஷக் கணக்கில் ஒன்லிஃபேன்ஸ் முதலாளிக்கு லாபப் பங்காக மட்டும் 70 கோடி டாலர் போயிற்று. அவரை யாரும் வேசி என்று வைததாக நாம் கேள்விப்படவில்லை. உங்களூர்ச் சர்க்கரை ஆலைக்குக் கரும்பு போடுகிறவருக்கு எடைச்சீட்டாவது உண்டு. குறைந்தால் சண்டை பிடிக்கலாம். இவளை எந்தக் கணக்கின்படி முன்னால் காட்டுகிறார்கள், எதற்காக நீக்குகிறார்கள் என்று கேட்க ஓர் ஆள் கிடையாது.

இந்த வேஷம் நமக்குப் புதிதா? பொட்டுக்கட்டின பெண்ணைத் தாசி என்றார்கள். அவள் வீட்டுக்குப் போனவரைப் பிரபு என்றார்கள். மூவலூர் இராமாமிர்தம் அம்மையார் 1936இல் "தாசிகள் மோசவலை" எழுதியது இதைச் சந்தி சிரிக்க வைக்கத்தான். டாக்டர் முத்துலட்சுமி ரெட்டியின் முயற்சியால் 1929இலேயே, கோயில் ஊழியத்துக்கென்று விட்ட இனாம் நிலம் ஊழியமில்லாமலே அப்பெண்களிடம் நிற்க வழி செய்யப்பட்டது. பொட்டுக்கட்டுவதைத் தடுத்த சட்டம் 1947இல்தான் வந்தது. அதாவது, சோற்றுக்கு வழி முதலில், தடை பிறகு. பொட்டுக்கட்டினது சம்மதம் கேளாத சிறு பெண்ணுக்கு. இங்கே வயது வந்தவள் தானே வருகிறாள். இந்த வித்தியாசத்தை நாம் மறைக்கவில்லை. சிறுமியையோ மிரட்டப்பட்டவளையோ காமிரா முன் உட்கார வைக்கிறவன் சிறைக்குப் போகவேண்டியவன். அவனுக்காக நாம் பேச வரவில்லை.

இனி சட்டத்தைப் பாருங்கள். 2020இல் நிறைவேறி 2025 நவம்பர் 21இல் அமலுக்கு வந்த சமூகப் பாதுகாப்புச் சட்டம், செயலி மூலம் வேலை செய்கிறவர்களைத் தொழிலாளர் என்று பெயர் சொல்லி ஒப்புக்கொள்கிறது. கம்பெனி தன் வருஷ வரவில் நூற்றுக்கு 1 முதல் 2 வரை அவர்கள் நலநிதிக்குக் கட்டவேண்டும். அந்த அட்டவணையில் வாடகைக்கார், சாப்பாட்டுக் கம்பெனிகளோடு ஊடகச் சேவைக் கம்பெனிகளும் இருக்கின்றன. சந்தோஷம். ஆனால் தகவல் தொழில்நுட்பச் சட்டம் 67ஏ பிரிவு, அப்பட்டமான பாலியல் காட்சியை மின்வழியில் அனுப்பினால் முதல் தடவைக்கே 5 வருஷம் வரை சிறை என்கிறது. அப்படியானால் இவள் தன் தொழிலைச் சொல்லிப் பேர் பதியப் போனால், அது மனுவா, குற்ற வாக்குமூலமா?

இன்னொரு கொடுமை. படமெடுக்கச் சம்மதித்தவள், அதைப் பிறருக்குப் பரப்பச் சம்மதிக்காதபோது பரப்புவதும் குற்றமாகலாம் என்று பாரதிய நியாய சன்ஹிதா 77ஆம் பிரிவின் விளக்கம் சொல்லுகிறது. ஆனால் புகார் எழுத உட்கார்ந்தால், அந்தப் படம் எப்படி வந்தது என்பதுதானே முதற் கேள்வி? படத்தைத் திருடி விற்றவன் வீட்டில் நிம்மதியாய்த் தூங்குகிறான். இவள் ஸ்டேஷன் வாசற்படியிலேயே திரும்பிவிடுகிறாள்.

திருட்டைச் சொல்ல வருகிறவள்மேல் அவள் சொன்னதைக் கொண்டே வழக்குப் போடக்கூடாது என்று சட்டத்தில் ஒரு வரி சேர்க்கும்படி நாம் கேட்கிறோம். அந்த வரி வருகிற வரையில், இந்த ஊரில் உங்கள் செல்போனுக்கு எவனாவது அப்படிப்பட்ட படமொன்றை அனுப்பினால், அவள் எந்தத் தெரு, என்ன ஜாதி என்று விசாரிக்கப் புறப்படாதீர்கள். அனுப்பினவனைக் கூப்பிட்டு, உனக்கு இது எங்கிருந்து வந்தது என்று கேளுங்கள்.