பர்மிட் ஃபைல் நகராதபோது

பஸ் பர்மிட்டுக்கு மனுப் போட்டு, கட்டணமும் கட்டியாயிற்று. வட்டாரப் போக்குவரத்து அலுவலகத்தில் எப்போது போய்க் கேட்டாலும் "ஃபைல் மேலே போயிருக்கு" என்ற ஒரே பதில். வங்கித் தவணை மட்டும் தேதி தவறாமல் வந்து நிற்கிறது. இந்த நிலையில் இருப்பவருக்குச் சட்டம் என்ன வழி வைத்திருக்கிறது?

1939-ஆம் ஆண்டின் பழைய மோட்டார் வாகனச் சட்டத்தில், ஒரு தடத்தில் இத்தனை பஸ்தான் என்று வரம்பு கட்ட முடிந்தது. 1988-ஆம் ஆண்டுச் சட்டம் அதைத் தளர்த்தியது. அதன் 80-வது பிரிவின்படி எப்போது வேண்டுமானாலும் மனுச் செய்யலாம். அதிகாரிகள் சாதாரணமாக மறுக்கக் கூடாது. மறுத்தால் காரணத்தை எழுத்தில் தர வேண்டும், மனுதாரர் சொல்வதையும் கேட்க வேண்டும். இந்தத் தாராளப் போக்கை 1991-இல் மிதிலேஷ் கார்க் வழக்கில் உச்ச நீதிமன்றமும் ஏற்றுக்கொண்டது.

சரி, மறுக்கவும் இல்லை, கொடுக்கவும் இல்லை என்றால்? மறுப்பு உத்தரவு கையில் இருந்தால், 89-வது பிரிவின்படி மாநிலப் போக்குவரத்து மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்துக்குப் போகலாம். ஆனால் அப்பீல் போட முதலில் ஓர் உத்தரவு வேண்டுமே! என்னைக் கேட்டால், "கிடையாது" என்று முகத்துக்கு நேரே எழுதிக் கொடுக்கும் அதிகாரி, ஃபைலை மேசைக்குள் வைத்துப் பூட்டுகிறவரைவிட எவ்வளவோ மேல்.

இப்படி வாய் திறக்காத அலுவலகத்துக்கு எதிராகத்தான் அரசியல் சாசனத்தின் 226-வது பிரிவு இருக்கிறது. உயர் நீதிமன்றத்தில் ரிட் மனுப் போட்டு, கடமையைச் செய்யும்படி அலுவலகத்துக்குக் கட்டளையிடும் மேண்டமஸ் உத்தரவு கேட்கலாம். கோவைக்காரர் சென்னைக்குப் போக வேண்டும். நெல்லை, தஞ்சைக்காரர்களுக்கு மதுரைக் கிளை.

ஆனால் நீதிபதியே பர்மிட்டைக் கையில் கொடுத்துவிடுவார் என்று எதிர்பார்க்க வேண்டாம். பெரும்பாலும் வருகிற உத்தரவு, "மனுவைத் தகுதியின் அடிப்படையில் சட்டப்படி பரிசீலித்து, இத்தனை வாரத்துக்குள் முடிவெடுங்கள்" என்பதுதான். முடிவு பாதகமாகவும் வரலாம். வந்தால் என்ன? அப்போது தீர்ப்பாயத்தின் கதவு திறந்துவிடுகிறது. அரசு பஸ்களுக்கென்றே திட்டம் போட்டு ஒதுக்கிய தடமாக இருந்தால் மட்டும், ரிட்டுக்குச் செலவழிக்கும் முன் வக்கீலிடம் நன்றாகக் கேட்டுக்கொள்ளுங்கள்.

நீதிமன்றம் முதலில் பார்ப்பது, நீங்கள் கேட்டீர்களா என்பதைத்தான். வாய்ப்பேச்சு அங்கே செல்லாது. மனுவின் நகல், கட்டணம் கட்டிய ரசீது, நினைவூட்டுக் கடிதம், அது போய்ச் சேர்ந்ததற்கான ஒப்புகை எல்லாம் வேண்டும். ஃபைல் யாரிடம் இருக்கிறது என்று தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்டால், 30 நாளுக்குள் பதில் தர வேண்டும். அந்தப் பதிலே வழக்கில் நல்ல சாட்சியாகிவிடும். சில சமயம் அந்தக் கேள்விக்கே ஃபைல் நகர்ந்துவிடுவதும் உண்டு.

பர்மிட்டைப் புதுப்பிக்கிறவர்கள், காலாவதிக்குக் குறைந்தது 15 நாள் முன்னதாக மனுக் கொடுத்துவிட வேண்டும். முடிவு தாமதமானால், 87-வது பிரிவின் கீழ் 4 மாதம் வரை தற்காலிக பர்மிட் கேட்கலாம். "மனுப் போட்டாச்சே" என்ற தைரியத்தில் பஸ்ஸை எடுத்துவிடாதீர்கள். பர்மிட் இல்லாமல் ஓட்டினால், 2019 திருத்தத்துக்குப் பிறகு அபராதம் 10,000 ரூபாய்; சிறைத் தண்டனையும் உண்டு, வண்டியும் பிடிபடும்.

நீதிமன்றம் கொடுத்த கெடுவும் தாண்டிப் போனால்? அவமதிப்பு மனுத் தாக்கல் செய்யலாம். அதற்கு ஓராண்டுதான் அவகாசம். ஆகவே உத்தரவின் நகலை உடனே வாங்கி, அலுவலகத்தில் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்கு முத்திரையும் தேதியும் போட்டு வாங்கிக்கொள்ளுங்கள்.