சுண்ணாம்புச் சாந்தின் கலை

செட்டிநாட்டுப் பழைய மாளிகையொன்றின் சுவரைக் கையால் தடவிப் பார்த்தவர்கள், பளிங்கோ என்று மயங்கச் செய்யும் அதன் குளிர்ச்சியையும் மெருகையும் மறந்திருக்கமாட்டார்கள். கிளிஞ்சலையும் கரியையும் மாறிமாறி அடுக்கிக் காளவாயில் சுட்டு, நீர் தெளித்து நீற்றி, மணலோடு கூட்டி, மாடு பூட்டிய செக்கில் அரைத்து, கடுக்காயும் வெல்லமும் ஊறிய நீரை வார்த்துப் புளிக்கவிட்டு, பூச்சின்மேல் பூச்சாக ஏற்றி, இறுதியில் முட்டை வெண்கரு கலந்த மெல்லிய பூச்சை வழவழப்பான கல்லால் ஓயாது தேய்த்து மெருகேற்றிய அந்தக் கைத்திறன், எந்தச் சிற்பத்துக்கும் தாழ்ந்ததன்று. ஆயினும் கொத்தனாருக்குக் கிடைத்த கீர்த்தியில் சிறு பங்கும், கைகால் வெந்து புண்ணாகச் சுண்ணாம்பு சுமந்த சித்தாள் பெண்களுக்குக் கிடைக்கவில்லை என்பது என் நெடுநாளைய மனக்குறை.

இச்சாந்தின் விசேஷம் அதன் நிதானம். காளவாயில் சுடும்போது கிளிஞ்சல் விட்டுவிட்ட கரியமில வாயுவைச் சுவர் ஆண்டுக்கணக்கில் காற்றிலிருந்து சிறுகச் சிறுக வாங்கிக்கொண்டு மறுபடியும் கல்லாகிறது. எரித்த கரியின் புகைக்கோ அப்படி மீட்சியில்லை. 1824-இல் ஜோசப் ஆஸ்ப்டின் இங்கிலாந்தில் காப்புரிமை பெற்ற போர்ட்லண்டு சிமெண்டு, பிற்காலத்தில் செம்மைப்பட்டு இங்கும் பரவியபோது, இந்த நிதானத்துக்குப் பொறுமை உள்ளவர்கள் அருகிப்போனார்கள்.

கலையைப் போற்றுகிற நாம் கடலின் கணக்கையும் பார்த்தாகவேண்டும். உயிர் நீங்கி ஒதுங்கிய கிளிஞ்சலைச் சுட்டவரை பெருந்தீங்கு நேர்ந்ததாகச் சொல்வதற்கில்லை. மன்னார் வளைகுடாவில் உயிருள்ள பவளப்பாறைகளையே பெயர்த்துச் சுண்ணாம்புக்கும் ஆலைகளுக்கும் அனுப்பத் தொடங்கியபோதுதான் அநியாயம் நேர்ந்தது. அலையின் வேகத்தைத் தணித்துத் தீவுகளைக் காத்த அரண் அப்பாறைகளே. அங்குள்ள 21 தீவுகளில் தூத்துக்குடியை அடுத்த விலாங்குச்சல்லியும், கீழக்கரைப் பக்கத்துப் பூவரசன்பட்டியும் நீரில் அமிழ்ந்துபோனதற்கு இவ்வகழ்வு ஒரு முக்கிய காரணம். 1986-இல் அப்பகுதி தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்ட பின்னரும் அகழ்வு உடனே நின்றுவிடவில்லை.

ஆகையால், பவளத்தைச் சுட்ட சாந்தை எவ்வளவு மெருகோடு காட்டினாலும் நான் புகழமாட்டேன். கிளிஞ்சலிலும் சுண்ணாம்புக்கல்லிலும் ஆன சாந்தை மனமாரப் புகழ்வேன். முன்னோர் கட்டிய சுண்ணாம்புச் சுவர் உள்ள வீட்டுக்காரர்களுக்கு ஒரு விண்ணப்பம்: விரிசல் கண்டால் சிமெண்டைப் பூசிவிடாதீர்கள். சுவருக்குள் ஏறும் ஈரம் வெளியேற வழியின்றி உள்ளேயே தங்கி, உப்புப் பூத்து, செங்கல்லை அரித்துவிடும். சாந்து அரைக்கத் தெரிந்த கொத்தனார்கள் காரைக்குடிப் பக்கத்தில் இன்றும் இருக்கிறார்கள், அவர்களை அழையுங்கள்.