புரிசைக் களரியும் ந. முத்துசாமியும்

பங்குனி பிறந்துவிட்டால் திருவண்ணாமலையைச் சுற்றியுள்ள ஊர்களில் திரௌபதி அம்மன் கோயில்கள் பாரத விழாவுக்குத் தயாராகத் தொடங்கும். பகலில் பிரசங்கம், இரவில் கூத்து, கடைசி நாளில் போர்க்களச் சடங்கான படுகளம். இந்தக் கூத்தைத் தன் குருவாக ஏற்றுக்கொண்ட நவீன நாடகாசிரியர் ந. முத்துசாமியைப் பற்றி இன்று பேசுகிறேன்.

அவர் நம் பக்கத்துக்காரர் இல்லை. மயிலாடுதுறைக்கு அருகே புஞ்சை கிராமத்தில் 1936-இல் பிறந்தவர். சென்னைக்கு வந்து, சி.சு. செல்லப்பாவின் 'எழுத்து' பத்திரிகை வழியாக இலக்கியத்துக்குள் நுழைந்து, சிறுகதைகள் எழுதினார். 1960-களின் இறுதியில் 'காலம் காலமாக' என்ற நாடகம் வந்தது. சபா மேடையில் சோபாவும் தொலைபேசியும் துணுக்குகளும் கோலோச்சிய காலம் அது. அவர் நாடகத்தில் கதையைத் தேடியவர்களுக்குக் கதை அகப்படவில்லை. பெக்கெட், அயனெஸ்கோ போன்ற அபத்த நாடகாசிரியர்களின் சாயல் என்றார்கள். 'நாற்காலிக்காரர்' ஓட்டு அரசியலை விளையாட்டாக்கிக் காட்டியது. நல்ல எழுத்துதான், ஆனால் அதை ஆடிக் காட்டும் உடம்பு அன்றைய நடிகர்களிடம் இல்லை.

அந்த உடம்பை அவர் நம் திருவண்ணாமலை மாவட்டத்துக்காரர்களிடம் கண்டார். செய்யாறு பக்கத்துப் புரிசையிலிருந்து சென்னைக்கு வந்து ஆடிய நடேசத் தம்பிரானின் கூத்தை 1970-களின் நடுவில் பார்த்தார். பிறகு கூத்தைத் தேடிக் கிராமம் கிராமமாக அலைந்தார்.

அப்படி என்ன கண்டார்? வேஷக்காரர் கூத்தாடும் களமான களரிக்கு வருவதை நினைத்துப் பாருங்கள். இருவர் திரை பிடிக்கிறார்கள். திரைக்குப் பின்னால் பாட்டு கேட்கிறது, சலங்கை கேட்கிறது, ஆள் தெரியவில்லை. திரை விலகியதும் கூத்தை நடத்திச் செல்லும் கட்டியங்காரன் "தாங்கள் யார்?" என்கிறான். துரியோதனன் தன்னைத் தானே அறிமுகம் செய்துகொள்கிறான். நடிகர் பாத்திரமாகவும் இருக்கிறார், பாத்திரத்தைப் பற்றிச் சொல்கிறவராகவும் இருக்கிறார். ஜெர்மானிய நாடகாசிரியர் பிரெக்ட் கொள்கை வகுத்துத் தேடிய நடிப்பு, நம் களரியில் வழிவழியாக ஆடப்பட்டு வந்திருக்கிறது. முத்துசாமி இதை உரக்கச் சொன்னார். 'அன்று பூட்டிய வண்டி' என்ற கட்டுரை நூலே எழுதினார். படித்தவர்கள் கூத்தை இளக்காரமாகப் பார்த்த காலத்தில் அப்படிச் சொல்லத் துணிச்சல் வேண்டும்.

1977-இல் அவருடைய நாடகக் குழுவான கூத்துப்பட்டறை பிறந்தது. புரிசைக் கூத்துக் கலைஞர் கண்ணப்பத் தம்பிரான் அதன் நடிகர்களுக்கு அடவும் பாட்டும் கற்றுக்கொடுத்தார். கிரீடத்தையும் புஜகீர்த்தியையும் கடன் வாங்கி நவீன நாடகத்துக்கு மாட்டிவிடுவது எளிது. முத்துசாமி அந்த எளிய வழியில் போகவில்லை. குரல், மூச்சு, கால் பாவுதல், விடிய விடிய ஆடும் தெம்பு ஆகியவற்றை நடிகருக்குள் ஏற்றப் பார்த்தார். 'கட்டியங்காரன்', 'படுகளம்' என்று கூத்தின் சொற்களையே நாடகங்களுக்குத் தலைப்பாக்கினார். 'நற்றுணையப்பன்' என்று தன் ஊர்ச் சாமியின் பெயரிலும் ஒரு நாடகம் உண்டு.

ஒரு குறையையும் சொல்ல வேண்டும். கூத்துக்கு ஊரே திரளும். முத்துசாமியின் நாடகத்துக்குச் சென்னையில் சிறு கூட்டம்தான் வந்தது. வசனம் சில இடங்களில் முறுக்கிக்கொண்டு நிற்கும். கூத்திடம் நடிப்பைக் கற்றவர், கூத்து ஊரோடு பேசும் எளிமையை முழுதாக எட்டவில்லை என்பதே என் கருத்து. பசுபதி, கலைராணி, குரு சோமசுந்தரம் போன்ற பட்டறை நடிகர்களைச் சினிமா வழியாக எல்லோருக்கும் தெரியும். அவர்கள் பேசிப் பழகிய நாடகங்களைத்தான் பலர் அறியவில்லை. அதனால் முத்துசாமியின் எழுத்தின் மதிப்பு குறைந்துவிடாது. நடிகரின் உடம்பை மனத்தில் வைத்துத் தமிழில் நாடகம் எழுதியவர்களில் அவரே முதன்மையானவர்.

2012-இல் பத்மஸ்ரீ பெற்றார். 2018 அக்டோபரில் மறைந்தார். புரிசையில் கண்ணப்பத் தம்பிரானின் மகன் சம்பந்தன் கூத்தைத் தொடர்ந்து ஆடிவருகிறார். நம் மாவட்டத்துக் கல்லூரி மாணவர்களுக்கு ஒரு வேண்டுகோள். முத்துசாமியின் நாடகம் ஒன்றை எடுத்து, வாய்விட்டுப் படித்து, ஆடிப் பாருங்கள். அதற்கு முன் உங்கள் ஊர்ப் பாரதத்தில் ஓர் இரவாவது விடியும்வரை உட்கார்ந்து கூத்துப் பாருங்கள்.