பேஸைத் தொடாமல் மிங்கஸ் போட்ட ஆல்பம்

ஜாஸ் பேஸ் கலைஞரும் இசையமைப்பாளருமான சார்லஸ் மிங்கஸ் பத்திப் பேச்சு எடுத்தாலே ஒரு கேள்வி தவறாம வந்துடுது. "கடைசி ஆல்பத்துல அவர் வாசிக்கவே இல்லையாமே, அப்புறம் அது எப்படி அவரோட ஆல்பம்?"

முதல்ல ஒரு குழப்பத்தைத் தீர்த்துடுவோம். 1979ல வந்த 'மிங்கஸ்'ங்கிற ஆல்பத்தைத்தான் பலரும் அவரோட கடைசி ஆல்பம்னு நினைச்சிருக்காங்க. அது பாடகி ஜோனி மிட்செல்லோட ஆல்பம். சில மெட்டுகளை மிங்கஸ் அவங்களுக்காகவே போட்டுக் கொடுத்தார். பேஸ் வாசிச்சது ஜாக்கோ பாஸ்டோரியஸ். நான் இன்னைக்குப் பேசப்போறது 'மீ, மைசெல்ஃப் ஆன் ஐ' பத்தி. 1978 ஜனவரியில நியூயார்க்ல பதிவான ஆல்பம்.

மிங்கஸோட பின்னணி உங்களுக்கே ஓரளவு தெரியும். 1922ல அரிசோனா மாநிலத்து நோகாலஸ்ல பிறப்பு, லாஸ் ஏஞ்சலஸ் வாட்ஸ் பகுதியில வளர்ப்பு. சின்ன வயசுல செல்லோ கத்துக்கிட்டார். கறுப்பினப் பையனுக்கு மேற்கத்திய செவ்வியல் இசைக்குழுவுல கதவு திறக்காத காலம் அது, அதனால டபுள் பேஸுக்கு மாறினார். சாக்ஸபோன் கலைஞர் சார்லி பார்க்கரோட வாசிச்சார், டியூக் எலிங்டனோட ஜாஸ் குழுவுல சேர்ந்து ஒரு சண்டையால வெளியேற்றப்பட்டார், 1959ல 'மிங்கஸ் ஆ உம்' ஆல்பம் போட்டார். இதெல்லாம் எந்த ஜாஸ் புத்தகத்திலயும் இருக்கு.

1977 கடைசிக்கு வருவோம். அவருக்கு ஏ.எல்.எஸ். நோய்னு தெரியவருது. ஸ்டீபன் ஹாக்கிங்குக்கு வந்த அதே நோய்தான். தசைகள் ஒவ்வொண்ணா செயலிழந்துபோகும். அந்தப் பெரிய மரக்கருவியோட முரட்டுத் தந்திகளை அடக்கி ஆண்ட விரல்களால இனி எழுதக்கூட முடியாது, பியானோவும் வாசிக்க முடியாது. குரல் மட்டும் மிச்சம். மெட்டுகளை டேப் ரெக்கார்டர்ல பாடிப் பதிவு பண்ணினார். அவர் குழுவோட டிரம்பெட் கலைஞர் ஜாக் வால்ரத் இசைக்கோர்வைகளை எழுதி அமைச்சார்.

ஸ்டூடியோவுக்கு மிங்கஸ் சக்கர நாற்காலியில வந்தார். முன்னால இருபதுக்கும் மேற்பட்ட கலைஞர்கள்: ரேண்டி பிரெக்கர், மைக்கேல் பிரெக்கர், லீ கோனிட்ஸ், ஜார்ஜ் கோல்மன், லாரி கோரியல். இசைத்தட்டோட முதல் பக்கம் முழுக்க ஒரே உருப்படி, 'த்ரீ வேர்ல்ட்ஸ் ஆஃப் டிரம்ஸ்', அரை மணி நேரம். டிரம்ஸ்ல ஸ்டீவ் காட், ஜோ சேம்பர்ஸ், அவங்களோட டேனி ரிச்மண்ட். இந்த டேனி ஆரம்பத்துல சாக்ஸபோன் வாசிச்சவர். டிரம்ஸுக்கு மாறி மிங்கஸ்கிட்ட வந்து, இருபது வருஷமா அவர் மனசுல ஓடுற தாளத்தைச் சொல்லாமலே பிடிச்சவர். மிங்கஸ் நிக்க வேண்டிய இடத்துல எடி கோமெஸ், ஜார்ஜ் மிராஸ்னு ரெண்டு பேஸ் கலைஞர்கள்.

இதைத்தான் "மிங்கஸ் இல்லாத மிங்கஸ் ஆல்பம்"னு ஒதுக்குறாங்க. கிடார்கள் கொஞ்சம் அதிகம்தான், சில இடத்துல நெரிசலாவே இருக்கு. அந்த அளவுக்கு ஒத்துக்கிறேன். ஆனா ஆல்பமே அவரோடது இல்லைங்கிறது அநியாயம்.

ஏன்னா மிங்கஸ் முன்னாலயே இப்படி இசை அமைச்சிருக்கார். 1956ல 'பிதிகான்த்ரோபஸ் எரெக்டஸ்' ஆல்பம் பண்ணும்போதே காகிதத்துல எழுதிக் கொடுக்கலை. பாடியும் பியானோவுல வாசிச்சும் காட்டுவார், குழு காதால கேட்டுப் பிடிச்சுக்கணும். எழுதிக் கொடுத்தா ஸ்வரம் சரியா வரும், உணர்ச்சி வராதுங்கிறது அவரோட எண்ணம். அதாவது 1978ல அந்த டேப் ரெக்கார்டர் முன்னால அவர் பண்ணினது, உடம்பு சரியா இருந்தப்போ விரும்பித் தேர்ந்தெடுத்த அதே வழி.

அந்த வருஷம் ஜூன் 18 அன்னைக்கு வெள்ளை மாளிகைத் தோட்டத்துல ஜனாதிபதி கார்ட்டர் ஜாஸ் கச்சேரி நடத்தினார். கூட்டம் முழுக்க எழுந்து நின்னு மிங்கஸுக்குக் கைதட்டுச்சு. அவர் அழுதுட்டார், கார்ட்டர் பக்கத்துல வந்து அவரை அணைச்சுக்கிட்டார். 1979 ஜனவரி 5, மெக்சிகோவுல குவர்னவாகாவுல இறந்தார், வயசு 56. அவர் ஆசைப்படியே மனைவி சூ அஸ்தியை இந்தியாவுக்குக் கொண்டுவந்து கங்கையில கரைச்சாங்க. 'மீ, மைசெல்ஃப் ஆன் ஐ' ஆல்பமும் அதே வருஷம் வெளிவந்துச்சு.

இப்போ அந்தக் கேள்விக்கு வர்றேன். வாசிக்காட்டி அவர் ஆல்பம் ஆகுமா? 1961ல பதிவான 'ஓ யா' ஆல்பத்தை எடுத்துப் பாருங்க. அதுலயும் மிங்கஸ் பேஸைத் தொடவே இல்லை! டக் வாட்கின்ஸ் பேஸ் வாசிச்சார்; மிங்கஸ் பியானோவுல உட்கார்ந்து பாடினார். அதை அவரோட சிறந்த ஆல்பங்கள்ல ஒண்ணாத்தான் எல்லாரும் கொண்டாடுறாங்க, அது யாரோடதுன்னு ஒருத்தரும் கேட்டதில்லை. அதுல 'டெவில் வுமன்'னு ஒரு பாட்டு இருக்கு. அதே 'டெவில் வுமன்' 1978 ஆல்பத்தோட ரெண்டாம் பக்கத்துலயும் இருக்கு. ரெண்டையும் அடுத்தடுத்துக் கேட்டுட்டு எனக்கு எழுதுங்க.