பத்தடி உயரக் கூடை



சென்ற மாதம் தருமபுரத்தில் ஒரு வீட்டுக்குப் போயிருந்தேன். பத்தாம் வகுப்புப் படிக்கும் மகள் நிலைப்படியில் தலை இடிக்காமல் குனிந்து வந்தாள். பள்ளியின் கூடைப்பந்து அணியில் இருக்கிறாளாம். அம்மா அலுத்துக்கொண்டார்: "பனைமரம் மாதிரி வளர்றா சாமி. இதுல பந்து வேற. இவளுக்கு மாப்பிள்ளைய எங்க தேடுறது? பந்து சோறு போடுமா?"

வாசலுக்கு வந்த பிறகும், மேலே கூரையே இல்லாத இடத்திலும், அந்தப் பிள்ளை குனிந்தேதான் நின்றாள். அதுதான் எனக்கு உறுத்தியது. அன்று அந்தத் தாயிடம் சொன்னதை இன்று உங்களுக்கும் சொல்கிறேன்.

கேரளத்தில் கோட்டயத்தை அடுத்த கொல்லாட்டில் 1985-ல் பிறந்தவர் கீது அன்னா ஜோஸ். உயரம் ஆறடி இரண்டு அங்குலம். முதலில் கைப்பந்து ஆடினார், பிறகு கூடைப்பந்துக்கு மாறினார். பத்தடி உயரத்தில் தொங்கும் கூடைக்கு, ஊரார் வேடிக்கை பார்க்கும் உயரம்தான் வேண்டியிருந்தது!

பெண்கள் கூடைப்பந்தாடிச் சம்பளம் வாங்கும் தொழில்முறைப் போட்டி அப்போது நம் நாட்டில் இல்லை. பலருக்குச் சோறு போட்டது ரயில்வே வேலைதான். கீதுவுக்கும் சென்னையில் தெற்கு ரயில்வே வேலை தந்தது. இந்திய அணிக்கும் தலைவியானார். 2006 முதல் 2008 வரை ஆஸ்திரேலியாவில் மெல்பர்ன் பகுதியின் ரிங்வுட் ஹாக்ஸ் அணிக்கு ஆடினார்.

2011 ஏப்ரலில் அமெரிக்காவிலிருந்து அழைப்பு வந்தது. சிகாகோ, லாஸ் ஏஞ்சலஸ், சான் அன்டோனியோ என்று மூன்று நகரங்களின் தொழில்முறை அணிகள் அவரைத் தேர்வுக்குக் கூப்பிட்டன. இந்தியாவிலிருந்து அப்படிப் போன முதல் பெண் அவர். ஆனால் அந்தப் போட்டித் தொடரில் இருந்தவை பன்னிரண்டே அணிகள், அணிக்குப் பதினொரு பேர். உலகம் முழுவதற்கும் 132 இடங்கள்! புனித பவுல் கொரிந்தியருக்கு எழுதும்போது பந்தயத் திடலை உவமையாக எடுத்தாரே, அந்தத் திடலின் கணக்கு அன்றும் இன்றும் கடுமையானதுதான். மூன்று அணிகளுமே கீதுவை எடுக்கவில்லை.

இதை அந்தத் தாயிடம் மறைக்கவில்லை. உங்கள் மகளுக்கு ரயில்வே வேலை கிடைக்கும் என்று வாக்கும் கொடுக்கவில்லை. கீது ஊர் திரும்பி மறுபடி பந்தைக் கையில் எடுத்தார். 2014-ல் அர்ஜுனா விருது அவரைத் தேடி வந்தது.

எல்லாவற்றையும் கேட்டுவிட்டு அந்த அம்மா கேட்ட கேள்வி: "விளையாடுற பொண்ணுக்குக் கல்யாணம் ஆவுமா சாமி?"

கீதுவோடு இந்திய அணியில் ஆடிய சென்னை அனிதா பால்துரையைப் பற்றிச் சொன்னேன். அவரும் தெற்கு ரயில்வேதான். திருமணமாகி, பிள்ளை பெற்ற பின்னும் களத்துக்குத் திரும்பியவர். 2021-ல் பத்மஸ்ரீ பெற்றார்.

அம்மா பதில் ஒன்றும் சொல்லவில்லை. மகள் தேநீர் கொண்டுவந்தாள்.

"குனியாம வா புள்ள," என்றார் அம்மா. "டீ கொட்டிடப் போவுது."